கேமரா பார்க்காத 18 நிமிடங்கள்: வின்சர் மெக்கேயின் லூசிட்டானியா படம் (1918)

நியூயார்க்கின் 54ஆம் எண் கப்பல்துறையிலிருந்து 1915 மே 1ஆம் தேதி லூசிட்டானியா என்ற பிரிட்டிஷ் பயணிகள் கப்பல் கிளம்பியதை நியூஸ்ரீல் (செய்திப்பட) கேமரா படம்பிடித்தது. அந்தத் துண்டு இன்றும் இருக்கிறது. வந்து இறங்கும் பயணிகள், கப்பலின் சுவர் போன்ற உயரமான பக்கவாட்டு, கூட்டம், புகை. அன்று காலைப் பத்திரிகைகளில் ஜெர்மன் தூதரகத்தின் எச்சரிக்கை விளம்பரம் வந்திருந்தது: போர்ப் பகுதிக்குள் பிரிட்டிஷ் கொடியோடு போகும் கப்பலில் ஏறுகிறவர்களின் உயிருக்கு அவர்களே பொறுப்பு.

ஆறு நாள் கழித்து, மே 7 பிற்பகல் இரண்டு மணி தாண்டியதும், அயர்லாந்தின் தென்கரையில் ஓல்ட் ஹெட் ஆஃப் கின்சேல் முனைக்கு அப்பால் யு-20 என்ற ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல் டார்பிடோ ஏவியது. சுமார் 240 மீட்டர் நீளமுள்ள கப்பல் 18 நிமிடத்தில் மூழ்கிப்போனது. ஏறக்குறைய 1,960 பேரில் 1,200 பேர் வரை இறந்தார்கள். அவர்களில் 128 பேர் அமெரிக்கர்கள். கரை ஒதுங்கிய உடல்களை க்வீன்ஸ்டவுனில் (இன்றைய கோவ்) பெரிய குழிகளில் வரிசையாக அடக்கம் செய்ததற்குப் புகைப்படங்கள் உள்ளன.

கிளம்பியதற்குப் படம் உண்டு. புதைத்ததற்கும் படம் உண்டு. நடுவில் நடந்ததைப் பார்க்க அங்கே ஒரு கேமராவும் இல்லை. அந்த நடுப்பகுதியை வின்சர் மெக்கே என்ற பத்திரிகை ஓவியர் தன் கையால் வரைந்து, செய்திப்படம் போலவே செய்து 1918இல் வெளியிட்டார். 12 நிமிடம் ஓடும் அந்த மௌனப்படத்தைத்தான் இங்கே பிரித்துப் பார்க்கப்போகிறேன். அனிமேஷன் வரலாற்றின் பொக்கிஷம் என்று புகழ்ந்துவிட்டு நகர்ந்துவிடுவது எனக்குச் சரியாகப் படவில்லை. அந்தப் படம் எதைக் காட்டி நம்மை நம்பவைக்கிறது, நம்பவைத்துவிட்டு எதைச் சொல்லாமல் விடுகிறது என்பதையும் பார்க்க வேண்டும்.

மேஜைமேல் நடந்த கடற்போர்

கேமரா போகாத இடத்தைப் படத்தில் காட்டுவது மெக்கேக்கு முன்பே பழகிப்போன தொழில். 1898இல் அமெரிக்காவுக்கும் ஸ்பெயினுக்கும் போர் நடந்தபோது, நியூயார்க்கில் ஸ்டூவர்ட் பிளாக்டனும் ஆல்பர்ட் ஸ்மித்தும் போர்க்கப்பல்களின் புகைப்படங்களைக் கத்தரித்து, ஆழமில்லாத தண்ணீரில் மிதக்கவிட்டு, சிட்டிகை சிட்டிகையாக வெடிமருந்து வைத்துக் கொளுத்தி ஒரு கடற்போரை எடுத்தார்கள். புகைக்கு என்ன செய்தார்கள்? பக்கத்தில் ஒருவர் சிகரெட்டையும் இன்னொருவர் சுருட்டையும் ஊதி ஊதி விட்டார்கள். ஸ்மித்தே பின்னாளில் தன் நினைவுக் குறிப்பில் எழுதியிருக்கிறார். அதைப் பார்த்த ஜனங்கள் உண்மைப் போர் என்றே நம்பினார்கள். பிரான்சில் மெலியேஸ் என்ற இயக்குநர் 1902இல் பிரிட்டிஷ் மன்னர் ஏழாம் எட்வர்டின் முடிசூட்டு விழாவை, விழா நடப்பதற்கு முன்பே ஸ்டூடியோவில் நடித்து எடுத்துவைத்தார்.

முதல் உலகப் போர் வந்த பிறகு செய்தியும் வரைபடமும் இன்னும் நெருங்கின. பிரிட்டனில் பெர்சி ஸ்மித் 1915இல் துருக்கியின் டார்டனெல்ஸ் நீரிணையில் நடந்த போரை அசையும் வரைபடத்தால் விளக்கினார். அமெரிக்காவில் 1916இல் பத்திரிகை முதலாளி ஹெர்ஸ்டின் நியூஸ்ரீல்களோடு ‘கிரேஸி கேட்’ கார்ட்டூன்களும் சேர்ந்தே ஓடின. ஒரே ரீலில் போர்ச்செய்தியும் பூனைக் கதையும். ஆனாலும் அவை பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தன, அவ்வளவுதான். வரைபடம் செய்தியின் வேலையைத் தானே எடுத்துச் செய்தது லூசிட்டானியா படத்தில்தான் என்பேன்.

பிளாக்டனும் ஸ்மித்தும் தொடங்கிய நிறுவனம்தான் வைட்டாகிராஃப். மெக்கே தன் ஓவியங்களை ஒவ்வொன்றாகப் படம்பிடிக்கக் கொண்டுபோனதும் அதே வைட்டாகிராஃப் ஸ்டூடியோவுக்குத்தான். சுருட்டுப் புகையில் கடற்போர் எடுத்தவர்களின் கூரைக்குக் கீழே, இருபது வருடம் கழித்து, ஒவ்வொரு புகைச் சுருளையும் மையால் வரைந்த ஒரு கடல் வந்து சேர்ந்தது.

சம்பளம் ஒரு பக்கம், மனசு ஒரு பக்கம்

வின்சர் மெக்கே அப்போதே பெரிய பெயர். 1905இல் நியூயார்க் ஹெரால்ட் பத்திரிகையில் தொடங்கிய ‘லிட்டில் நெமோ’ படக்கதை அவரை வீட்டுக்கு வீடு கொண்டுபோனது. 1911இல் அதே நெமோவைச் சுமார் 4,000 ஓவியங்களால் அசையவைத்தார். 1914இல் ‘கெர்ட்டி’ என்ற டைனோசரை வரைந்து, மேடையில் திரைக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு, அதற்குக் கட்டளை போட்டார். திரையில் இருந்த கெர்ட்டி அவர் சொன்னபடி காலைத் தூக்கியது, திட்டினால் அழுதது.

1911இலேயே ஹெர்ஸ்ட் அவரைத் தன் பத்திரிகைகளுக்கு இழுத்துக்கொண்டார். அங்கே தலையங்கப் பக்கத்துக்குப் படம் வரைவதுதான் நாளடைவில் அவருடைய முழு நேர வேலையாகிப்போனது. ஹெர்ஸ்டோ அமெரிக்கா போரில் இறங்கக் கூடாது என்ற கட்சி, பிரிட்டனைப் பிடிக்காதவர். லூசிட்டானியா சம்பவத்தைப் பெரிதாக்கவும் அவர் விரும்பவில்லை. போருக்கு எதிரான, பிரிட்டனுக்கு எதிரான தலையங்கங்களுக்கு மெக்கே பகலெல்லாம் படம் வரைந்து கொடுத்தார். அவர் மனசில் இருந்தது வேறு. 1916இல், சொந்தக் காசில், வேலை முடிந்து மீதியிருந்த நேரத்தில், புரூக்ளினின் ஷீப்ஸ்ஹெட் பே பகுதியில் இருந்த தன் வீட்டில் லூசிட்டானியாவை வரைய உட்கார்ந்தார்.

கிட்டத்தட்ட இரண்டு வருடம் பிடித்தது. கூட இருந்தவர்கள் இரண்டே பேர் என்று சொல்லலாம்: கெர்ட்டியிலும் உதவிய ஜான் ஃபிட்ஸ்சிம்மன்ஸ், சின்சினாட்டி நண்பர் ஆப்தார்ப் ஆடம்ஸ். பகலில் எதை எதிர்த்து வரைந்தாரோ அதையே ராத்திரியில் ஆதரித்து வரைந்த ஒரு மனுஷனின் படம் இது. அதில் இருக்கும் கோபம் விளம்பரத்துக்காக ஏற்றிக்கொண்ட கோபம் அல்ல என்று நான் நினைப்பதற்கு இதுவே காரணம்.

கண்ணாடித் தாள்

கெர்ட்டிக்கு ஒவ்வொரு ஓவியமும் தனித்தனி மெல்லிய தாளில். டைனோசர் ஒரு அடி நகர்ந்தால் போதும், பின்னால் இருக்கும் மலை, மரம், கல் எல்லாவற்றையும் மறுபடி முதலிலிருந்து வரைய வேண்டும். அந்த மலையை ஆயிரக்கணக்கான தடவை நகலெடுத்தவர் ஃபிட்ஸ்சிம்மன்ஸ். கை எவ்வளவு நிதானமாக இருந்தாலும் ஒரு கோடு இன்னொரு கோட்டின் மேல் அப்படியே விழாது. அதனால் கெர்ட்டியில் அசையக் கூடாத மலையும் சன்னமாக நடுங்கிக்கொண்டே இருக்கும். அதைக் கவனித்துப் பாருங்கள், அழகாகவே இருக்கும்.

ஒரு டைனோசர் கதைக்கு அந்த நடுக்கம் பொருந்தும். செய்திக்குப் பொருந்தாது. 1914இல் எர்ல் ஹர்ட் என்பவர் காப்புரிமைக்கு விண்ணப்பித்து 1915இல் வாங்கிய புது முறையை மெக்கே இந்தப் படத்துக்கு எடுத்துக்கொண்டார். ‘செல்’ என்று பிற்பாடு அனிமேஷன்காரர்கள் எல்லாரும் சொன்ன, கண்ணாடி போன்ற செல்லுலாய்டு தாள். பின்னணியை ஒருமுறை வரைந்தால் போதும். அதன்மேல் கப்பலை ஒரு தாளிலும் அலையை ஒரு தாளிலும் புகையை ஒரு தாளிலும் வரைந்து அடுக்கிப் படம்பிடிக்கலாம். அடியில் இருப்பது மேலே தெரியும், நகராது.

25,000 ஓவியங்கள் என்று படம் தன்னைப் பற்றிச் சொல்லிக்கொள்கிறது. இதைக் கணக்குப் போட்டுப் பார்த்தேன். விநாடிக்கு 16 ஃபிரேம் என்று வைத்தால் 12 நிமிடத்துக்கு 11,520 ஃபிரேம்தான் வரும். அதிலும் தொடக்கத்தில் நிஜ ஆட்கள் வரும் பகுதியையும் எழுத்து அட்டைகளையும் கழிக்க வேண்டும். ஆக, ஓவியங்களின் எண்ணிக்கை ஃபிரேம்களைவிட இரண்டு மடங்குக்கும் மேல். ஒரே ஃபிரேமுக்குள் இரண்டு மூன்று தாள்கள் ஒன்றன்மேல் ஒன்றாக இருந்தால்தான் இந்தக் கணக்கு சேரும். திரையில் ஒரு நொடி புகையைப் பார்க்கிறோம் என்றால், அதற்குப் பின்னால் எத்தனை ராத்திரி விளக்கெரிந்தது என்று யோசித்துக்கொள்ளலாம்.

படத்துக்குள்ளே

முதலில் மெக்கே வருகிறார், நிஜ மெக்கே. அனிமேஷன் கார்ட்டூனைக் கண்டுபிடித்தவர் என்று எழுத்து அட்டை அவரை அறிமுகம் செய்கிறது. இது சரியல்ல. அவருக்கு முன்பே பிளாக்டன் 1906இலும், பிரான்சில் எமில் கோல் 1908இலும் ஓவியங்களை அசையவைத்துவிட்டார்கள். அப்புறம் மெக்கே கப்பலின் படத்தை வைத்துக்கொண்டு ஆராய்கிறார். ஒரு பத்திரிகையாளர் சம்பவத்தின் விவரங்களைச் சொல்கிறார். உதவியாளர்கள் மேஜையில் குனிந்து வேலை செய்கிறார்கள். லூசிட்டானியா மூழ்கியதன் முதல் பதிவை நீங்கள் பார்க்கப்போகிறீர்கள் என்று இன்னொரு அட்டை வருகிறது.

‘பதிவு’ என்ற அந்தச் சொல்லில்தான் எல்லாம் இருக்கிறது. இது வரைந்தது என்று படம் மறைக்கவே இல்லை. வரைந்தவரின் முகத்தையே காட்டிவிட்டது. ஆனாலும் தன்னைக் கதை என்றோ கற்பனை என்றோ சொல்லவில்லை, பதிவு என்கிறது. 1898இன் மேஜைக் கப்பல்கள் பொய்யை நிஜம் என்று விற்றன. மெக்கே வித்தையை முதலிலேயே திறந்து காட்டிவிட்டு, வித்தைக்குப் பின்னால் இருக்கும் செய்தி நிஜம் என்கிறார். இவ்வளவு வெளிப்படையாகப் பேசுகிறவரை யார் சந்தேகப்படுவார்கள்?

பிறகு கடல். சுதந்திர தேவி சிலையைக் கடந்து கப்பல் போகிறது. நெமோவையோ கெர்ட்டியையோ வரைந்த கையா இது என்று தோன்றும். அந்தப் படங்களில் கோடுதான் ராஜா. இங்கே கோடு பின்வாங்கிவிட்டது. சாம்பல் நிறத்தின் பல பல அளவுகள், கரைத்த மையின் இருட்டு, மங்கிய வெளிச்சம். முகபாவம் இல்லை, வேடிக்கை இல்லை. முக்கியமாக, பார்வை எங்கே வைக்கப்பட்டிருக்கிறது என்று பாருங்கள். இன்னொரு கப்பலில் ஒரு கேமராக்காரர் நின்று எடுத்தால் எந்தத் தூரத்திலிருந்து எடுத்திருப்பாரோ, கிட்டத்தட்ட அந்தத் தூரத்தில். வரைகிறவருக்கு எங்கே வேண்டுமானாலும் போகும் சுதந்திரம் உண்டு. கப்பலின் உள்ளே போகலாம், ஒருவர் கண்ணுக்குள் போகலாம். மெக்கே பெரும்பாலும் போகவில்லை. இல்லாத கேமராவின் வரம்புகளைத் தானே தனக்குப் போட்டுக்கொண்டார். படத்தில் எனக்கு மிகப் பெரிய விஷயமாகத் தோன்றுவது இதுதான்.

வெடிக்கிறது. புகை எழும்பி, சுருண்டு, விரிந்து, கடைசியில் திரையையே மூடுகிறது. புகையை இவ்வளவு நேரம் பார்க்கவைத்த படம் அந்தக் காலத்தில் வேறு இருக்குமா என்று எனக்குச் சந்தேகம். சாய்ந்த கப்பலிலிருந்து உயிர்காப்புப் படகுகளை இறக்குகிறார்கள், சில கவிழ்கின்றன. அந்தத் தூரத்திலிருந்து மனிதர்கள் எறும்பளவு. மேல்தளத்திலிருந்து ஒன்று, இரண்டு, நான்கு என்று கறுப்புப் புள்ளிகள் விழுகின்றன. ஒவ்வொரு புள்ளியும் விழும் வேகம் வேறு, விழும் கோணம் வேறு. இணையத்தில் கிடைக்கும் பிரதிகளில் பிற்காலத்தில் யாராவது இசை சேர்த்திருப்பார்கள்; நான் அதை நிறுத்திவிட்டுத்தான் பார்ப்பேன். சத்தமே இல்லாமல் அந்தப் புள்ளிகள் விழுவதைப் பார்ப்பது வேறு அனுபவம்.

நடுவில் படம் நிஜப் புகைப்படங்களுக்குத் தாவுகிறது. இறந்தவர்களில் பிரபலமானவர்கள்: கோடீஸ்வரர் ஆல்ஃப்ரெட் வாண்டர்பில்ட், நாடகத் தயாரிப்பாளர் சார்லஸ் ஃப்ரோமன், எழுத்தாளர் எல்பர்ட் ஹப்பார்ட், நாடக ஆசிரியர் சார்லஸ் கிளைன். பத்திரிகையில் கறுப்புக் கட்டத்துக்குள் வரும் இரங்கல் படங்களைப் போலவே. பக்கத்தில் புகைப்படம் இருப்பதால் வரைந்த கடலும் ஆவணமாக மாறிவிடுகிறது. முகம் தெரிந்த மனுஷன் உண்மை என்றால் அவன் விழுந்த கடலும் உண்மைதானே என்று நம் மனசு தானாகவே கணக்குப் போட்டுக்கொள்கிறது. ஆனால் முகம் கிடைத்தது இவர்கள் மாதிரி ஆட்களுக்குத்தான். மூன்றாம் வகுப்பில் வந்தவர்களும் கொதிகலன் அறையில் கரி அள்ளிப்போட்டவர்களும் கடைசிவரை புள்ளிகளாகவே இருக்கிறார்கள். இது எனக்கு உறுத்துகிறது.

விடுபட்டவை

படத்தில் இரண்டு வெடிப்புகள். கப்பலிலும் இரண்டு வெடிப்புகள் நடந்தன, அதில் தகராறு இல்லை. இரண்டாவது எதனால் என்பதில்தான் தகராறு. பிரிட்டனில் மெர்சி பிரபு தலைமையில் 1915 ஜூன், ஜூலையில் நடந்த விசாரணை, இரண்டு டார்பிடோக்கள் தாக்கின என்று முடிவு செய்தது. யு-20இன் தலைவர் வால்டர் ஷ்வீகரின் குறிப்பேட்டில் இருப்பது ஒரே ஒரு டார்பிடோ, அதைத் தொடர்ந்து வழக்கத்துக்கு மீறிய இன்னொரு பெரிய வெடிப்பு. கப்பலின் சரக்குப் பட்டியலில் நாற்பது லட்சத்துக்கும் மேற்பட்ட துப்பாக்கித் தோட்டாக்களும் பீரங்கிக் குண்டு உறைகளும் இருந்தன. இரண்டாவது வெடிப்புக்குக் காரணம் அவையா, நிலக்கரித் தூளா, நீராவிக் குழாயா என்று ஆராய்ச்சியாளர்கள் இன்றும் வாதாடுகிறார்கள்.

மெக்கே மெர்சி விசாரணையின் முடிவை நம்பியதில் குற்றம் காண முடியாது. 1916இல் அவர் கையில் வேறு என்ன இருந்தது? ஆனால் தோட்டாக்கள் விஷயம் அப்போதே பத்திரிகைகளில் அடிபட்டதுதான். படத்தில் அதைப் பற்றி ஒரு அட்டையும் இல்லை. தோட்டா இருந்ததைச் சொன்னால் 1,200 பேரின் சாவு நியாயமாகிவிடாது. பெண்களும் குழந்தைகளும் நிறைந்த பயணிகள் கப்பலை எச்சரிக்காமல் அடித்தது அடித்ததுதான். ஆனாலும் ‘பதிவு’ என்று பெயர் வைத்துக்கொண்ட படம் அதைச் சொல்லியிருக்க வேண்டும். புகைக்கும் அலைக்கும் அவ்வளவு உண்மையாக இருந்தவர் சரக்கறை விஷயத்தில் மௌனமாக இருந்துவிட்டார்.

கடைசி அட்டையில் இன்னும் மோசம். குண்டு வீசியவனுக்குக் கைசர் (ஜெர்மன் பேரரசர்) பதக்கம் கொடுத்தார், அப்படியிருந்தும் ஜெர்மன்காரனை வெறுக்காதே என்கிறார்களே என்று அந்த அட்டை ஆத்திரப்படுகிறது. ஷ்வீகருக்கு ‘பூர் லெ மெரிட்’ என்ற உயரிய ராணுவ விருது கிடைத்தது உண்மை. ஆனால் கிடைத்தது 1917 ஜூலையில், அதுவரை அவர் மூழ்கடித்த கப்பல்களின் மொத்த டன் கணக்குக்காக. லூசிட்டானியாவுக்கென்று கைசர் பதக்கம் குத்தவில்லை. கார்ல் கெட்ஸ் என்ற மியூனிக் சிற்பி சொந்தமாக அச்சடித்த ஒரு நையாண்டிப் பதக்கம் இருந்தது; பிரிட்டன் அதை லட்சக்கணக்கில் நகலெடுத்து, ஜெர்மனி இந்தச் சாவைக் கொண்டாடுகிறது பாருங்கள் என்று பரப்பியது. பதக்கப் பேச்சு அந்த அளவுக்கு ஊறிப்போயிருந்த காலம். படம் திரைக்கு வந்தது 1918 ஜூலை 20. ஷ்வீகர் அதற்கு பத்து மாதம் முன்பே, 1917 செப்டம்பரில், யு-88 கப்பலோடு கடலுக்குள் போய்விட்டார்.

காலம் இன்னொரு விதத்திலும் மெக்கேயை முந்திக்கொண்டது. அவர் வரைய உட்கார்ந்தபோது அமெரிக்கா போரில் இல்லை. அமெரிக்காவை எழுப்பத்தான் வரைந்தார். 1917 ஏப்ரலில் அமெரிக்கா போரில் இறங்கிவிட்டது. யூனிவர்சல் நிறுவனம் வழியாகப் படம் வெளியானபோது போர் முடிய நான்கு மாதம்கூட இல்லை. அப்போதைய அனிமேஷன் ஸ்டூடியோக்கள் வாரம் ஒரு கார்ட்டூன் என்று வேகமாகத் தள்ளிக்கொண்டிருந்தன. இரண்டு வருடம் உட்கார்ந்து ஒரு செய்தியை வரையும் முறையைப் பின்தொடர யாரும் வரவில்லை. 2017இல்தான் அமெரிக்கா இதைத் தன் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்த்தது.

தாயும் குழந்தையும்

அந்தக் கடைசி அட்டைக்குச் சற்று முன்னால் வருகிற ஒரு காட்சியில் மட்டும் மெக்கே தான் போட்டுக்கொண்ட தூரத்தை மீறுகிறார். கப்பல் போய்விட்டது. தண்ணீருக்குள் ஒரு தாய், குழந்தையை மேலே தூக்கிப் பிடிக்கப் போராடுகிறாள். இந்த உருவம் அமெரிக்கர்களுக்குப் புதிதல்ல. சம்பவம் நடந்த அடுத்த மாதமே, ஃப்ரெட் ஸ்பியர் என்ற ஓவியர் பாஸ்டனில் வரைந்த படைச் சேர்ப்புச் சுவரொட்டியில், குழந்தையை அணைத்தபடி கடலுக்குள் இறங்கிக்கொண்டிருக்கும் பெண் இருந்தாள். கீழே ‘சேருங்கள்’ என்ற ஒரே சொல். அவள் கண்மூடி, அமைதியாக, ஒரு சிலை மாதிரி இறங்குவாள். மெக்கேயின் தாய் அப்படி இல்லை. அவளுக்குக் கை வலிக்கிறது. குழந்தை கனக்கிறது. இதை எந்தக் கேமராவும் எடுத்திருக்க முடியாது, எந்தச் சாட்சியும் இப்படிப் பார்த்திருக்க முடியாது. இங்கே படம் ‘பதிவு’ என்ற பேச்சை விட்டுவிட்டது. ஆனால் இந்த இடத்தை மட்டும் என்னால் குறை சொல்ல முடியவில்லை, எத்தனை தடவை பார்த்தாலும்.

படத்தின் அலைகளைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். மெக்கேயின் ஓவியங்களின் மேல் திரும்பத் திரும்ப ஓடவிடுவதற்காக ஃபிட்ஸ்சிம்மன்ஸ் ஒரு அலைத் தொடரை வரைந்தார். மொத்தம் 16 ஃபிரேம். பதினாறாவது முடிந்ததும் முதலாவது வரும். அன்றைய வேகத்தில் ஓட்டினால் அது சரியாக ஒரு விநாடித் தண்ணீர். அந்த ஒரு விநாடி எழும்பி, உருண்டு, அடங்கி, மறுபடி எழும்புகிறது.